ஆங்கில மனோரதிய யுகமும் கண்டியின் இறுதி மன்னனும் (1798 – 1832)

ஆங்கில இலக்கிய வரலாற்றை வகுத்துரைப்போர், மனோரதிய யுகத்தின் தொடக்கமாக 1798ஆம் ஆண்டையும் அதன் முடிவாக 1832ஆம் ஆண்டையும் கொள்வது பெருவழக்கு. வேட்ஸ்வேத்தும் கோல்ரிட்ஜும் இணைந்து 'லிரிக்கல் பலட்ஸ்' என்னுங் கவிதைத் தொகுதியை வெளியிட்டது 1798இல். சேர் வோல்ட்டர் ஸ்கொட் மறைந்ததும், பாராளுமன்றச் சீர்திருத்தச் சட்டம் நிறைவேறியதும் 1832இல். இலங்கை வரலாற்றைக் கற்போருக்கு இவ்விரண்டு ஆண்டுகளும் வேறு காரணத்தாலும் முக்கியமானவை. கண்ணுசாமி என்ற இளைஞன் ஸ்ரீ விக்கிரமராஜசிங்கன் என்ற பெயருடன் கண்டியின் அரியணையில் ஏறியது 1798இல். அரசிழந்து, நாடிழந்து, வேலூரில் அவன் சிறையிருந்து இறந்தது 1832 ஜனவரி 30ஆந் திகதி. ஆங்கிலக் கவிதையின் ஒரு யுகமும் கண்டியரசன் ஒருவனின் ஆட்சியும் சிறைவாசமும் ஒரே கால எல்லைக்குள் அடங்கிவிடுகின்றன.

இது தற்செயலான பொருத்தமே. எனினும் அப்பொருத்தம் எழுப்பும் வினா தற்செயலானதன்று. தனிமனித சுதந்திரத்தையும் ஒடுக்கப்பட்ட இனங்களின் விடுதலையையும் பாடிய ஓர் இலக்கிய இயக்கம் தழைத்த அதே ஆண்டுகளில், அவ்விலக்கியத்தைப் பிறப்பித்த நாடு மலைநாட்டு இராச்சியமொன்றை விழுங்கியது. இவ்விரண்டுக்கும் தொடர்பு உண்டா? உண்டெனில் அஃது எத்தகையது? பேராதனையில் இருந்து இலக்கியம் பயில்வோர் இவ்வினாவைக் கேளாது விடுதல் பொருத்தமன்று. நாம் நாள்தோறும் கடந்து செல்லும் தாவரவியற் பூங்காவும், மகாவலிக்கு அப்பாலுள்ள கன்னொறுவையும் அக்கால வரலாற்றின் சாட்சிகளாக இன்றும் நிற்கின்றன.

முதலில் வரலாற்று நிகழ்ச்சிகளைச் சுருங்க நோக்குவோம். இராஜாதி ராஜசிங்கன் 1798இல் மகப்பேறின்றி இறக்க, முதலமைச்சனாகிய பிலிமத்தலாவை அவன் உறவினனான கண்ணுசாமியை அரசனாக்கினான். கண்டி நாயக்க மன்னர் தெலுங்கு வழிவந்தவர். மதுரைப் பகுதியோடு மணவுறவு பூண்டவர். அவர்தம் அவையிலும் குடும்பத்திலும் தமிழ் வழங்கியது. அதே 1798இல் பிரெடரிக் நோர்த் பிரித்தானிய தேசாதிபதியாகக் கொழும்பு வந்தான். பிலிமத்தலாவையும் நோர்த்தும் இரகசியப் பேச்சுக்களில் ஈடுபட்டனர். 1803இல் பிரித்தானியப் படை கண்டியுட் புகுந்து முத்துசாமி என்பவனை அரசனென அறிவித்தது. ஆயின் நோயும் உணவுத் தட்டுப்பாடும் அப்படையை அழித்தன. அவ்வாண்டு ஜூன் மாதத்தில் மேஜர் டேவி சரணடைந்தான், முத்துசாமி கொல்லப்பட்டான், சரணடைந்த ஆங்கிலப் படையினர் மகாவலிக் கரையிலும், நோயுற்றுக் கிடந்தோர் கண்டியிலும் கொல்லப்பட்டனர்.

இத்தோல்வியின் நினைவு ஆங்கிலேயர் மனத்தில் ஆறாத புண்ணாயிற்று. 1812இல் வந்த தேசாதிபதி பிரவுண்றிக் காலத்தில் அதற்கு வடிகால் கிடைத்தது. பிலிமத்தலாவை ஏற்கெனவே மன்னனாற் கொல்லப்பட்டிருந்தான். அவன் இடத்துக்கு வந்த எகலப்பொல 1814இல் மன்னனுக்கு எதிராகி ஆங்கிலேயரிடம் தஞ்சம் புகுந்தான். அவனுடைய மனைவியும் மக்களும் கொடுந்தண்டனைக்கு ஆளாயினர். பிரித்தானியப் பகுதியிலிருந்து சென்ற வணிகர் சிலர் அங்கங் குறைக்கப்பட்டுத் திரும்பினர். 1815 ஜனவரியிற் போர் அறிவிக்கப்பட்டது. பெப்ரவரி 14ஆந் திகதி கண்டி வீழ்ந்தது. நான்கு நாட்களின் பின் மெதமகாநுவரைப் பகுதியில் மன்னன் பிடிபட்டான். மார்ச் 2ஆந் திகதி கண்டி ஒப்பந்தம் கைச்சாத்தாயிற்று. வாட்டர்லூப் போர் அதற்கு மூன்று மாதங்களின் பின்னரே நிகழ்ந்தது என்பதை நினைவிற் கொள்ளல் நன்று. நெப்போலியனைக் கொடுங்கோலன் எனத் தூற்றிய அதே நாக்குக் கண்டி மன்னனையும் அவ்வாறே தூற்றியது.

பிரவுண்றிக்கின் போர்ப் பிரகடனம் ஊன்றிக் கற்கவேண்டிய ஆவணமாகும். தாம் கண்டி மக்களுக்கு எதிராகப் போர் தொடுக்கவில்லை. அவர்களை வருத்தும் கொடியவனொருவனிடமிருந்து அவர்களை விடுவிக்கவே வருகின்றோம் என்பது அதன் சாரம். ஆக்கிரமிப்பு விடுதலையின் மொழியைப் பேசுகிறது. இம்மொழி படைத்தலைவன் ஒருவனின் மூளையில் திடீரென உதித்ததன்று. அதற்குரிய உணர்ச்சிகளும் உருவங்களும் இலண்டன் வாசகர் மனத்தில் ஏற்கெனவே பதிந்திருந்தன.

இதனை ஓர் எடுத்துக்காட்டால் விளக்கலாம். பைரனின் 'த ஜயோர்' என்னும் கதைப்பாடல் 1813இல் வெளிவந்தது. துருக்கியத் தலைவனொருவன் தன் அந்தப்புரப் பெண்ணைக் கடலில் அமிழ்த்திக் கொல்வது அக்கதையின் மையம். அடுத்த ஆண்டு வெளிவந்த அவனது 'த கோர்செயர்' ஒரே நாளிற் பத்தாயிரம் பிரதிகள் விற்றதாகக் கூறப்படுகிறது. கீழ்த்திசையைப் பாடுபொருளாகக் கொள்ளுமாறு நண்பன் தோமஸ் மூருக்குப் பைரன் அறிவுரை கூறியதும் இக்காலத்திலேதான். மூரின் 'லல்லா ரூக்' 1817இல் வெளிவந்து பெரும் புகழ் ஈட்டியது. அந்தப்புரம், கொடுங்கோலன், நீரில் அமிழும் பேதைப் பெண், பழிவாங்கும் வீரன் ஆகியன அன்றைய ஆங்கில வாசகனுக்கு நன்கு பழகிய உருக்கள். இந்நிலையிலேதான் எகலப்பொலவின் மனைவி போகம்பரை ஏரியில் அமிழ்த்தப்பட்ட செய்தி இலண்டனை அடைந்தது. பிள்ளைகளின் தலையை உரலிலிட்டு இடிக்குமாறு தாய் கட்டாயப்படுத்தப்பட்டாள் என்ற கதையும் உடன் சென்றது. போரையும் அதற்கு முந்திய கொடுமைகளையும் விவரிக்கும் சிறுநூலொன்று, ஆசிரியர் பெயரின்றி, 1815இலேயே இலண்டனில் அச்சாயிற்று. கவிதையிற் பழகிய கீழ்த்திசைக் கொடுங்கோலன் இப்போது பெயரும் ஊரும் பெற்றான்.

எகலப்பொலவின் குடும்பம் அழிக்கப்பட்டது என்பதில் ஐயமில்லை. அரச துரோகிக்கு அவன் குடும்பத்தையும் சேர்த்துத் தண்டித்தல் அக்காலக் கண்டிய வழக்கில் இடம்பெற்றதே. ஆயின் உரற் கதை உள்ளிட்ட விவரங்கள் எவ்வாறு நம்மை வந்தடைந்தன என்பதை வரலாற்று மாணவன் ஆராய வேண்டும். அக்கதையை விரிவாகச் சொல்லி நிலைநிறுத்திய நூல்களுள் தலையாயது ஜோன் டேவி 1821இல் வெளியிட்ட இலங்கை உள்நாட்டைப் பற்றிய நூலாகும். டேவி இலங்கைக்கு வந்தது 1816 ஆகஸ்டில். அதற்குப் பல மாதங்களுக்கு முன், அவ்வாண்டு ஜனவரியிலேயே, மன்னன் கப்பலேற்றப்பட்டுச் சென்னைக்கு அனுப்பப்பட்டுவிட்டான். ஆகவே 1814 நிகழ்ச்சியை டேவி நேரிற் கண்டவரல்லர், மன்னனைக் கண்டவருமல்லர். வென்றவரும், வென்றவர் பக்கம் சேர்ந்த பிரதானிகளும் கூறியதையே அவர் எழுதினார். பேராதனையிற் பயின்று, இங்கேயே விரிவுரையாளராகவும் பணியாற்றிய பேராசிரியர் கணநாத் ஒபயசேகர 2017இல் வெளியிட்ட நூலில் இம்மன்னனைப் பற்றிய கதைகளை மறுவிசாரணைக்கு உட்படுத்தி, அவற்றுட் பல போர்ப் பிரசாரத்தின் விளைவென வாதித்துள்ளமை இங்கு நினைக்கத்தக்கது.

ஜோன் டேவி மனோரதிய இயக்கத்துக்குப் புறம்பான மனிதரல்லர். புகழ்பெற்ற இரசாயன அறிஞர் ஹம்பிரி டேவியின் தம்பி அவர். அண்ணனோ கோல்ரிட்ஜின் நெருங்கிய நண்பர். 'லிரிக்கல் பலட்ஸ்' இரண்டாம் பதிப்பு 1800இல் அச்சானபோது அதன் படிகளைத் திருத்த உதவியவர். தம்பி பிற்காலத்தில் வேட்ஸ்வேத் வாழ்ந்த ஏரி நாட்டில், அம்பிள்சைட் அருகே குடியேறி 1868இல் அங்கேயே காலமானார். பிரவுண்றிக்கின் மருத்துவராகவும் இராணுவ வைத்தியராகவும் கண்டி மலைகளில் நடந்த இவரது கண்கள், ஏரி நாட்டுக் கவிஞர் இயற்கையை நோக்கிய அதே பரவசத்தோடும் ஒரு விஞ்ஞானியின் கூர்மையோடும் இம்மலைகளை நோக்கின. மண், கனிமம், பாம்பின் நஞ்சு, நோய், நீரூற்றின் வெப்பம் எல்லாவற்றையும் அவர் அளந்து எழுதினார்.

டேவியின் நூலை வெறும் ஏகாதிபத்தியப் பிரசாரம் எனத் தள்ளிவிட முடியாது. 1817 – 1818இல் ஊவா, வெல்லசைப் பகுதிகளிற் கிளர்ந்த எழுச்சியை ஆங்கிலேயர் அடக்கிய முறையை அவர் மறைக்கவில்லை. வீடுகளும் பயிர்களும் எரியூட்டப்பட்டதை ஒப்புக்கொண்டார். ஆங்கிலத் தரப்பு இழப்பினும் பத்து மடங்காக, ஏறத்தாழ 10,000 கண்டியர் போரினாலும் தண்டனையாலும் நோயாலும் பசியாலும் இறந்திருக்கலாமென மதிப்பிட்டார். அப்போரை எண்ணுகையில் நெஞ்சம் கசக்கிறது என்ற பொருள்பட எழுதினார். மன்னனின் கொடுமைக்கு நூலிற் கிடைத்த விரிவு இதற்குக் கிடைக்கவில்லை. தனிக்கொடுமை காட்சியாக விரிகிறது. அரசாங்கத்தின் கொடுமை எண்ணிக்கையாகச் சுருங்குகிறது. இவ்வேறுபாடே அக்கால இலக்கிய மனத்தின் எல்லையை நமக்குக் காட்டுகின்றது.

மற்றோர் இராணுவ வைத்தியரான ஹென்றி மார்ஷலின் செயல் இவ்விரட்டைப் போக்குக்கு இன்னுந் தெளிவான சான்று. எழுச்சியில் இணைந்த கெப்பிட்டிப்பொல 1818 நவம்பர் 26ஆந் திகதி கண்டியிற் சிரச்சேதம் செய்யப்பட்டான். அவன் அஞ்சாது மரணத்தை ஏற்ற விதத்தை மார்ஷல் தம் நூலில் (1846) மதிப்போடு வருணித்தார். கண்டி தொடர்பான பிரித்தானியக் கொள்கையைக் கண்டிக்கவும் அவர் தயங்கவில்லை. ஆயின் அதே மார்ஷல் அவ்வீரனின் மண்டையோட்டை எடின்பரோவுக்கு எடுத்துச் சென்று, மண்டையோட்டின் வடிவைக் கொண்டு குணத்தைக் கணிக்கலாமென நம்பிய சங்கமொன்றின் காட்சிச்சாலைக்கு அளித்தார். இலங்கை சுதந்திரம் அடைந்த பின்னரே அது மீண்டு வந்தது. வீரத்தை வியந்த மனம் அவ்வீரனின் தலையைக் காட்சிப் பொருளாக்கவும் கூசவில்லை.

இனி, மலைநாட்டு இயற்கை அவ்யுகத்தார் கண்ணுக்கு எவ்வாறு தோன்றியது என்பதை நோக்குவோம். சாமுவேல் டானியேல் இலங்கைக் காட்சிகளைத் தீட்டி 1808இல் வெளியிட்டான். படையதிகாரி லிற்றல்ரன் 1819இல் வெளியிட்ட வர்ண அச்சுச் சித்திரங்களிற் கண்டியும் இடம்பெற்றது. 19ஆம் ரெஜிமெந்தின் கப்டன் அண்டர்சன் 'இலங்கையில் அலைபவன்' எனப் பொருள்படுந் தலைப்பில் மூன்று காண்டங்கள் கொண்ட நெடும்பாடலொன்றை 1817இல் வெளியிட்டான். தனித்தலையும் பயணி, மலை, அருவி, பாழடைந்த கட்டடம் என்னும் மனோரதியக் கருப்பொருள்கள் யாவும் இத்தீவின் மீது ஏற்றப்பட்டன.

இப்போக்கின் உச்சத்தை ரெஜினால்ட் ஹீபரிற் காணலாம். 1819இல் அவர் இயற்றிய புகழ்பெற்ற சமயப் பாடலொன்று இலங்கையைப் பெயர் சொல்லிக் குறிப்பிடுகிறது. நறுமணக் காற்று வீசும் இத்தீவில் காணுங் காட்சியெல்லாம் இனியது, மனிதன் ஒருவனே இழிந்தவன் என்பது அதன் கருத்து. அப்பாடலை எழுதியபோது ஹீபர் இலங்கையைக் கண்டதில்லை. கல்கத்தாவின் பேராயராகிய பின் 1825இலேயே அவர் இங்கு வந்து கண்டியையும் பார்த்தார். மறு ஆண்டு திருச்சிராப்பள்ளியில் மரணமானார். காணாத நாட்டின் காணாத மனிதனை இழிந்தவனெனத் தீர்ப்பிட ஒரு கவிஞனுக்கு எது துணிவு தந்தது? கீழ்த்திசை பற்றிய ஆயத்தமான கற்பனையே அத்துணிவைத் தந்தது எனலாம். நிலத்தை நேசித்து, அந்நிலத்துக்குரியோனை நீக்கிவிடும் இப்பார்வை, நிலத்தைக் கைப்பற்றுவோனுக்கு மிகவும் உவப்பானது. மனிதன் இழிந்தவன் எனின் அவனை ஆள்வது அறமாகின்றது. காடு வெறும் காட்சி எனின் அதனை வெட்டித் தோட்டமாக்கத் தடையில்லை.

டிக்குவின்சி இதனை வெளிப்படையாகவே எழுதினார். அபின் உண்டவனின் வாக்குமூலமாக 1821இல் அவர் வெளியிட்ட நூலில் ஆசியா அச்சமூட்டுங் கனவாக வருகின்றது. மலாயன் ஒருவனின் உருவம் அக்கனவிற்கு வாயிலாகிறது. 1843இல் 'பிளாக்வூட்ஸ்' சஞ்சிகையில் இலங்கையைப் பற்றி அவர் எழுதிய கட்டுரை 1803ஆம் ஆண்டுப் படுகொலையைப் பேசிக் கண்டி வெற்றியை நியாயப்படுத்தியது. நாற்பது ஆண்டுகளின் பின்னரும் கனவும் அரசியலும் ஒன்றிலொன்று கலந்தே நின்றன.

இவற்றுக்கிடையே மனோரதிய இலக்கியத்தின் சிறந்த கூறுகளை மறுத்தலும் நேர்மையன்று. ஷெல்லியின் 'ஒசிமாண்டியஸ்' 1818இல், ஊவாவில் எரிமூட்டப்பட்ட அதே ஆண்டில் வெளிவந்தது. பேரரசுகளின் செருக்கை அதனினுங் கூர்மையாகக் குத்திய கவிதைகள் குறைவு. ஹெயிற்றியின் அடிமை எழுச்சித் தலைவன் துசேன் மீது வேட்ஸ்வேத் பாடல் இயற்றினார். கிரேக்கரின் விடுதலைக்காகச் சென்ற இடத்திற் பைரன் 1824இல் உயிர்நீத்தான். ஆயின் இக்கவிஞர்களின் புகழ்பெற்ற படைப்புக்களிற் கண்டிக்கோ, வேலூர்ச் சிறைக்கோ இடமில்லை. கிரேக்கம் அவர்களுக்குத் தங்கள் நாகரிகத்தின் தாய். கண்டி ஒரு தொலைதூரக் காட்சி. சுதந்திரம் என்ற சொல் எல்லை கடக்கும்போது எங்கே நின்றுவிடுகிறது என்பதே இங்கு நாம் கற்கவேண்டிய பாடம்.

தோற்ற தரப்பின் உடைமைகளுக்கு நேர்ந்ததும் இதையொட்டியதே. கண்டியின் அரியணை இங்கிலாந்துக்குச் சென்று வின்சர் மாளிகையில் வைக்கப்பட்டது; 1934இலேயே திரும்பியது. அதனைப் பெற்ற காலத்தில் ஆட்சிப் பொறுப்பிலிருந்த இளவரசர் ஜோர்ஜ், பிரைற்றன் கடற்கரையிற் கீழ்த்திசைக் குவிமாடங்களுடன் கூடிய கற்பனை அரண்மனையொன்றைக் கட்டிக்கொண்டிருந்தார். உண்மையான கீழ்த்திசை அரசன் வேலூரிற் கைதி. கற்பனைக் கீழ்த்திசை பிரைற்றனில் அலங்காரம்.

இவ்வரலாறு தமிழருக்கு மேலுமொரு வகையில் முக்கியமானது. 1815ஆம் ஆண்டு ஒப்பந்தத்தின் மூன்றாம் பிரிவு மன்னனின் உறவினர் கண்டிப் பிரதேசத்துட் புகுவதைத் தடைசெய்தது. அதனோடு நில்லாது, 'மலபார்' எனக் குறிக்கப்பட்டு வெளியேற்றப்பட்ட ஆண்கள் யாவரும் அனுமதியின்றித் திரும்புவதையும் தடுத்தது. ஒரு மன்னன் மீதிருந்த பகை ஓர் இனப்பெயரின் மீது ஏற்றப்பட்டதைச் சட்ட மொழியிற் பதிவுசெய்த ஆவணம் இது. அதே ஒப்பந்தத்திற் கைச்சாத்திட்ட பிரதானிகள் சிலரின் ஒப்பங்களிலே தமிழ், கிரந்த எழுத்துக்கள் காணப்படுவதைப் பலரும் எடுத்துக்காட்டியுள்ளனர். மலைநாட்டு அரசவையில் தமிழ் அந்நியமாயிருக்கவில்லை என்பதற்கும், அஃது அந்நியமென அறிவிக்கப்பட்டது என்பதற்கும் ஒரே ஏடு சான்றாகின்றது.

வெளியேற்றிய கையே சில ஆண்டுகளில் வேறு தமிழரை அழைத்தது. 1820களில் ஜோர்ஜ் பேர்ட் கம்பளைக்கு அருகிலும், தேசாதிபதி பான்ஸ் கன்னொறுவையிலும் கோப்பி பயிரிட்டனர். பேராதனையிலோ, மன்னரின் பூங்காவாயிருந்த நிலத்தில் 1821இல் அலெக்சாண்டர் மூன் தாவரவியற் பூங்காவை நிறுவியிருந்தார். இராசகாரிய உழைப்பினால் கண்டி வீதி அமைக்கப்பட்டது. அவ்விராசகாரிய முறை 1832இல் ஒழிக்கப்பட்டது. சிறிதாகத் தொடங்கிப் பின்னர் பெருகிய தென்னிந்தியத் தொழிலாளர் மன்னார்க் கரையிலிறங்கிக் காட்டுவழியே மாத்தளைக்கு நடந்தனர். வழியில் மாண்டோர் பலர். ஓவியர் தீட்டிய மலைச்சரிவுகளிற் கோப்பியையும் பின்னர் தேயிலையையும் நட்டவர் இவர்களே. அச்சித்திரங்களில் இவர்களுக்கு முகமில்லை. இவர்களின் வழித்தோன்றல்களிற் பெரும்பாலோரின் பிரசாவுரிமை 1948ஆம் ஆண்டுச் சட்டத்தாற் பறிபோயிற்று. 2003ஆம் ஆண்டுச் சட்டம் வரை அப்பிரச்சினை நீடித்தது. 1815இலிருந்து 1948க்கு நேர்க்கோடு இழுப்பது வரலாற்று முறையன்று. எனினும் மலையும் மலையில் உழைப்பவனும் வெவ்வேறென நோக்கும் பார்வை எவ்வளவு நீண்ட ஆயுள் கொண்டது என்பதை இவ்வாண்டுகள் உணர்த்துகின்றன.

இறுதியாக, இக்காலத்தைப் பேசும் பிற இலக்கியங்களைக் கருதவேண்டும். சிங்களத்தில் 'எகலப்பொல ஹட்டன', 'வடுக ஹட்டன' முதலிய போர்ப் பாடல்கள் மன்னனை வடுகனாகவும் கொடியனாகவும் சித்திரித்தன. அவை பிரதானிகளின் பக்கம் நின்று பாடப்பட்டவை. தமிழிலோ 'கண்டி அரசன்' என்னும் நாட்டுக்கூத்து யாழ்ப்பாணப் பகுதிக் கத்தோலிக்கக் கிராமங்களில் ஆடப்பட்டு வந்துள்ளது. விடிய விடிய மேடையில் நின்று பாடும் அரசன், நூலில் வரும் அரசனைப் போல் ஒரு தீர்ப்புக்குள் அடங்கிவிடுபவனல்லன். தண்டிப்பவனும் தானே அழிபவனுமாய் அவன் அவையோர் முன் நிற்கிறான். 1960களிற் பேராசிரியர் சு. வித்தியானந்தன் 'கர்ணன் போர்', 'இராவணேசன்' முதலிய கூத்துக்களைப் பேராதனை மாணவரைக் கொண்டு மேடையேற்றியபோது, தோற்றவனின் பக்கத்திலிருந்தும் கதை சொல்லலாம் என்ற மரபையே மீட்டார். இவற்றோடு, தோட்டத் தொழிலாளரின் வாய்மொழிப் பாடல்களையும் சேர்க்கவேண்டும். சி. வி. வேலுப்பிள்ளை அரும்பாடுபட்டுத் தொகுத்தளித்த அப்பாடல்கள், எளிய மக்களின் பேச்சே கவிதையின் மொழியாக வேண்டும் என்று 1800இல் வேட்ஸ்வேத் விடுத்த கோரிக்கையை, அவர் பெயரையே அறியாதோர் நிறைவேற்றியதற்குச் சான்றாகும்.

ஆங்கிலப் பிரயாண நூல், சிங்களப் போர்ப்பாடல், தமிழ்க் கூத்து, தோட்டப் பாடல் ஆகிய நான்கும் இதுவரை வெவ்வேறு துறைகளில், வெவ்வேறு மொழி அறிந்தோராற் பயிலப்பட்டு வருகின்றன. அவற்றை ஒரே மேசையில் வைத்துப் படிக்கும்போதே 1798 – 1832 காலப்பகுதி அதன் முழுமையில் விளங்கும். மும்மொழியாளரும் ஒரே வளாகத்திற் கூடியிருக்கும் பேராதனையிலன்றி இப்பணி வேறெங்கு எளிதாகத் தொடங்கும்? மனோரதியக் கவிஞரை நாம் தொடர்ந்து கற்போம். அவர்தம் சுதந்திர வேட்கையையும் போற்றுவோம். அவ்வேட்கை சென்று சேராத மலைகளின் வரலாற்றை எழுதும் பொறுப்பு அம்மலைகளிடையே வாழ்ந்து கற்பவரையே சார்ந்ததாகும்.